பத்துக் குதிரைகளும் ஏரிச் சேறும்

நான் முதன்முதலில் தொட்ட குதிரை வயிறு வரை சேற்றில் புதைந்திருந்தது.

பங்குனி மாதம். நாங்கள் ஐந்து பெண்கள் பழவேற்காட்டுக் கோட்டைக்கு வடக்கே ஏரியில் இறால் பிடித்துக்கொண்டிருந்தோம். வலை கிடையாது. பிடித்த இறாலைப் போடும் பனையோலைப் பறியைப் பல்லால் கடித்துக்கொண்டு, தண்ணீருக்குள் உட்கார்ந்த வாக்கில் நகர்ந்து, இரண்டு கைகளாலும் தரையைத் தடவிப் பிடிப்போம். எட்டு வயதிலிருந்து எனக்கு அதுதான் வேலை. அப்போது இருபத்தாறு நடந்துகொண்டிருந்தது.

அன்று காலை கப்பலிலிருந்து குதிரைகள் இறங்கின. கப்பல் கரைக்கு வராது, கடலிலேயே நங்கூரம் போட்டு நிற்கும். குதிரையின் வயிற்றில் அகலமான பட்டையைக் கட்டித் தண்ணீரில் இறக்கி, படகோரமாக நீந்தவிட்டுக் கரையேற்றுவார்கள். ஊரே வேடிக்கை பார்க்கப் போயிருந்தது. நாங்கள் போகவில்லை. ஏரியில் தண்ணீர் வற்றியிருக்கும் நேரத்தை விட்டால் இறால் கிடைக்காது.

மணல் மேட்டுக்கு அந்தப் பக்கம் சத்தம் கேட்டது. நிமிர்ந்து பார்ப்பதற்குள் செம்பழுப்பு நிறத்தில் ஒரு குதிரை மேட்டைத் தாண்டி வந்து, கயிறு இழுபட, எங்களுக்கு நேராக ஏரிக்குள் பாய்ந்தது. இருபது ஆள் நீளம் வந்திருக்கும். முன்கால்கள் உள்ளே போயின. பின்கால்களும் போயின. அதன் பிறகு அது நகரவில்லை. கத்தியது. குதிரை அப்படிக் கத்தும் என்று எனக்குத் தெரியாது.

பின்னாலேயே ஆட்கள் ஓடிவந்து கயிற்றைப் பிடித்து இழுக்க ஆரம்பித்தார்கள்.

"இழுக்காதீங்க! கால் ஒடிஞ்சிடும்!" என்று கத்திக்கொண்டே போனேன்.

எங்கள் ஏரிச் சேறு இழுக்க இழுக்க இறுக்கும். காலைச் சுற்றித் தண்ணீர் இறங்க வழி செய்தால் விடும். இது இறால் பிடிக்கும் எந்தப் பெண்ணுக்கும் தெரியும். நான் சேற்றின்மேல் குப்புறப் படுத்து, அதன் முன்கால் ஓரமாகக் கையை விட்டுத் தோண்டினேன். மற்ற நான்கு பெண்களும் வந்தார்கள். ஒவ்வொரு காலாக எடுத்தோம். வெயில் ஏறிவிட்டது. நடுவில் அது களைத்துப்போய்த் தலையை என் தோள்மேல் போட்டது. ஒரு சாக்கு நெல் கனம். மூச்சு என் காதில் சூடாக அடித்தது. நான் பயத்தில் அசையவே இல்லை. ஆனால் அந்தக் கனம் எனக்குப் பிடித்திருந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

கெட்டித் தரை இருக்கும் பக்கமாக வளைத்து வளைத்து அதைக் கரைக்குக் கொண்டுபோனேன். கரையில் ஒரு ஆள் நின்றிருந்தார். குதிரைகளைப் பழக்குகிறவர், தக்காணத்துப் பக்கத்திலிருந்து வந்து பத்து வருடம் ஆனவர். வயது என் வயதுதான் இருக்கும். இவ்வளவு நேரமும் அவர் கணுக்காலுக்குமேல் தண்ணீரில் இறங்கவில்லை என்பதை நான் கவனித்தேன். குதிரை வெளியே வந்ததும் ஓடிவந்து அதன் நான்கு கால்களையும் தடவிப் பார்த்துவிட்டுத்தான் என்னைப் பார்த்தார்.

"எங்க கெட்டி, எங்க சேறுன்னு உனக்கு எப்பிடித் தெரியும்?"

"தடவித் தடவித் தெரியும்," என்றேன்.

ஐந்து நாள் கழித்துக் குதிரை வியாபாரி எங்கள் குப்பத்துக்கே ஆள் அனுப்பினார். மரைக்காயர், பெரிய குடும்பம், ஒல்லாந்தர் என்கிற வெள்ளைக்காரர்களின் கோட்டையில் இவருக்குத் தனி மரியாதை. நான் கோட்டைக்குத் தெற்கே இருந்த லாயத்துக்குப் போனேன். அவர் வளைத்துப் பேசவில்லை.

மேற்கே போகிற பாதையில் இரண்டு பாளையக்காரர்களுக்குள் சண்டை. பாதையில் குதிரை என்று எதைக் கண்டாலும் இரண்டு பக்கத்து ஆட்களும் பிடுங்கிக்கொள்கிறார்கள். வாங்குகிறவர்களோ ஆரம்பாக்கத்தில் வந்து காத்திருக்கிறார்கள். ஏரியில் தண்ணீர் குறைந்திருக்கிறது. குறுக்கே ஓட்டிக்கொண்டு போய்ச் சுண்ணாம்புக்குளத்துப் பக்கம் கரையேறினால் அங்கிருந்து ஆரம்பாக்கம் போய்விடலாம்.

"வழி காட்ட ஆள் வேணும்," என்றார். "குப்பத்துல கேட்டேன். ஆம்பளைங்க எல்லாம் படகு போற ஆழம் சொல்றாங்க. கால் வைக்கிற தரையைச் சொல்ல ஆளில்ல."

என்னிடம் அதுவரை யாரும் அந்த ஏரியைப் பற்றி எதுவும் கேட்டதில்லை. "நான் முன்னால நடந்து போறேன் மொதலாளி, பின்னால ஓட்டிக்கினு வரட்டும்," என்றேன்.

பக்கத்தில் நின்ற குதிரைக்காரர், அன்று கரையில் பார்த்தவர்தான், மறுத்துத் தலையை ஆட்டினார். "நடக்கிற மனுஷி பின்னால குதிரை வராது. படகு பின்னாலயும் வராது. குதிரை பின்னாலதான் குதிரை வரும். அன்னிக்குச் சேத்துல விழுந்துச்சே, அந்தப் பெட்டைதான் இந்தப் பத்துக்கும் தலைவி. அது போனா மத்தது போகும். நீ அது மேல உக்காரணும்."

நான் சிரித்தேன். அவர்கள் இருவரும் சிரிக்கவில்லை.

"எத்தினி நாள்ல?"

"ஆறு நாள்," என்றார் வியாபாரி.

வீட்டில் சொன்னபோது என் புருஷன் வலையை உதறிக்கொண்டிருந்தான். கட்டுமரத்தில் கடலுக்குப் போகிறவன், அதிகம் பேசாதவன். உதறுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தான்.

"இன்னாமே, பைத்தியமா உனக்கு?"

"ஏன்யா, நீ கடலுக்குப் போவல?"

"கடல்ல நான் விழுந்தா மரத்தைப் புடிச்சிக்குவேன். நீ விழுந்தா இன்னாத்தைப் புடிப்பே?"

மறுநாள் ஊர்ப் பெரியவர்கள் இரண்டு பேர் வந்தார்கள். கோட்டைச் சிப்பாய்கள் பார்க்கப் பொம்பளை காலைப் பரப்பிக்கொண்டு மிருகத்தின்மேல் உட்காருவதா, மற்ற ஊர்க்காரன் நம்மை இன்னான்னு சொல்வான் என்று கேட்டார்கள். என் புருஷன் வலையை உதறிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தான். அவர்கள் போன பிறகு என்னிடம் சொன்னான்: "போறதுன்னா போ. நான் பாக்க வரமாட்டேன்."

அவன் தடுத்திருந்தால்கூட நான் அவ்வளவு பயந்திருக்கமாட்டேன்.

கடற்கரை மணலில்தான் பழக்கினார்கள். முதல் நாள் சேணத்தில் ஏறுவதற்கே காலை போய்விட்டது. புடவையை எப்போதும் வேலைக்குக் கட்டுகிற மாதிரி கீழ்ப்பாய்ச்சிக் கட்டியிருந்தேன். சேணத்தில் தொங்கும் அங்கவடியில் இடது காலை வைத்து எம்பினால் குதிரை ஒரு அடி நகரும், நான் ஒற்றைக் காலில் கூடவே தத்திக்கொண்டு போவேன். கோட்டை மதில்மேல் நின்ற சிப்பாய்கள் அவர்கள் பாஷையில் ஏதோ சொல்லிச் சிரித்தார்கள். மூன்று தடவை விழுந்தேன். மூன்றாவது தடவை மூச்சு நின்று திரும்பி வந்தது.

"நான் விழறது இருக்கட்டும் சாயபு. ஏன் விழறேன்னு சொல்லுங்க," என்றேன்.

"நீ பயந்து தொடையால இறுக்கிப் புடிக்கிற," என்றார் குதிரைக்காரர். அவருக்குச் சீக்கிரம் கோபம் வரும். "இறுக்கினா ஓடுன்னு அர்த்தம். நீ பயப்படப் பயப்பட அதுக்கு ஓடு, ஓடுன்னு கேக்குது. அதும் பாவம், ஓடுது."

பயப்படும்போது எதையாவது பிடித்துக்கொள்வதுதான் மனுஷ உடம்புக்குத் தெரியும். பயப்படும்போது விடு என்று அதற்குச் சொல்லித்தர வேண்டியிருந்தது. இரண்டாம் நாள் என் தொடைத் தோல் இரண்டு பக்கமும் உரிந்துபோயிற்று. உப்புத் தண்ணீர் பட்டதும் கண்ணில் பூச்சி பறந்தது. மூன்றாம் நாள் விழவில்லை. நான்காம் நாள், முழங்காலைத் தளர்த்தி இடுப்பைக் கீழே இறக்கி உட்கார்ந்தால் குதிரையும் பெருமூச்சு விட்டுத் தலையை இறக்குகிறது என்று கண்டுகொண்டேன். லகானை இழுத்து அதை நிறுத்த முடியாது, ஒரு பக்கமாகத் திருப்பி வட்டம் போடவைத்தால் தானே வேகம் குறையும் என்பதையும் அன்றைக்குத்தான் கற்றேன்.

ஐந்தாம் நாள் பெட்டையை ஏரிக்குள் கொண்டுபோனோம். அது தண்ணீர் ஓரத்திலேயே நின்றுவிட்டது. உடம்பெல்லாம் நடுங்கியது. சேற்றை அது மறக்கவில்லை. நான் இறங்கவில்லை, அதட்டவும் இல்லை. வெறுமனே உட்கார்ந்திருந்தேன். கொஞ்ச நேரம் போனதும் ஒரு அடி வைத்தது. கெட்டித் தரை. இன்னொரு அடி. அப்படியே இடுப்பளவு தண்ணீர் வரை போய்த் திரும்பி வந்தோம்.

குதிரைக்காரர் பத்தில் ஒன்றான சாம்பல் குதிரைமேல் கரையிலேயே இருந்தார்.

"நீங்க வரலியா சாயபு?"

"நாளைக்குத்தானே போறோம்."

அவர் கை லகானைப் பிடித்திருந்த விதத்தைப் பார்த்தேன். முதல் நாள் நான் பிடித்த மாதிரியே இருந்தது. எனக்குப் புரிந்துவிட்டது.

"நீந்தத் தெரியாதா?"

"குதிரைக்குத் தெரியும்," என்றார். அதற்குமேல் அந்தப் பேச்சை வளர்க்கவிடவில்லை.

அன்று மாலை எங்களுக்குள் ஒரு வாக்குவாதம். குதிரைகளை ஒன்றன் பின் ஒன்றாகக் கயிற்றால் கோத்துக்கொண்டு போக வேண்டும் என்றார் அவர். கட்டக்கூடாது என்றேன் நான். ஒன்று சேற்றில் இறங்கினால் கட்டியிருக்கிற மற்றதையும் இழுத்துக்கொண்டு போகும்.

"அவுத்து வுட்டா, ஒண்ணு மெரண்டா பத்தும் பத்துத் திசைக்குப் போகும்," என்றார்.

இருவர் சொன்னதும் சரிதான். கடைசியில் அவர் விட்டுக்கொடுத்தார். "ஏரி உன்னுது," என்றார்.

மறுநாள் கோட்டையில் விடிகாலை மணி அடித்ததும் புறப்பட்டோம். முன்னால் பெட்டைமேல் நான். பின்னால் அவிழ்த்துவிட்ட எட்டுக் குதிரைகள். கடைசியில் சாம்பல் குதிரைமேல் அவர். என் புருஷன் சொன்ன மாதிரியே வரவில்லை. இருட்டோடு கடலுக்குப் போய்விட்டிருந்தான்.

முதல் பாதி நன்றாகவே போயிற்று. குதிரைக்காரர் சொன்னது உண்மை. பெட்டை போன தடத்தில் எட்டும் வந்தன. தண்ணீர் சில இடத்தில் முழங்கால், சில இடத்தில் வயிறு. நான் பெட்டையின் காதைப் பார்க்காமல் போக வேண்டிய இடத்தைப் பார்த்தேன். தண்ணீரின் நிறத்தை வைத்துத் தரையைச் சொல்ல முடியும். வெளுத்திருந்தால் மணல், கறுத்திருந்தால் சேறு, கறுப்பிலேயே மினுமினுப்பு இருந்தால் கிட்டவே போகக்கூடாது. குதிரைமேல் உயரத்தில் உட்கார்ந்து பார்க்கும்போது அது இன்னும் தெளிவாகத் தெரிந்தது. இத்தனை வருடம் கையால் தடவிய ஏரியை அன்றுதான் மேலிருந்து பார்த்தேன்.

வெயில் சுள்ளென்று ஏறுகிற நேரத்தில் கழுத்தில் காற்று பட்டது. கிழக்கிலிருந்து. நாங்கள் கொண்டல் என்போம். அந்தக் காற்று வலுத்தால் முகத்துவாரம் வழியாகக் கடல் தண்ணீர் ஏரிக்குள் ஏறும். எட்டு நாளாகக் கொண்டல் இல்லை. இன்றைக்கும் வராது என்று நான் எல்லோரிடமும் சொல்லியிருந்தேன்.

எதிரே நீளமான ஒரு மணல் திட்டு. அதன் ஓரமாகப் போனால் நேர் வழி. ஆனால் திட்டுக்கு அப்பால் ஆழமில்லாத தண்ணீரில் பூநாரைகள் மேய்ந்துகொண்டிருந்தன. நூறு, இருநூறு அல்ல. தண்ணீரே இளஞ்சிவப்பாகத் தெரிகிற அளவுக்கு. வடக்கே சுற்றிக்கொண்டு போனால் பறவைகளைத் தொந்தரவு செய்யாமல் போகலாம். ஆனால் அது நீண்ட சுற்று. அதற்குள் தண்ணீர் ஏறிவிடும்.

நான் பெட்டையை நிறுத்தித் திரும்பிப் பார்த்தேன். குதிரைக்காரர் கடைசியில் நின்றார். அவர் எதுவும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. திட்டுப் பக்கமாகத் திருப்பினேன்.

மெதுவாகத்தான் போனோம். பாதித் திட்டைத் தாண்டிவிட்டோம். பறவைகள் கழுத்தைத் தூக்கிப் பார்த்துவிட்டு மறுபடி மேய்ந்தன. இன்னும் நூறு அடி போனால் முடிந்தது என்று நினைத்தேன். அப்போது எங்கள் குதிரைகளில் ஒன்று கனைத்தது.

மொத்தமும் ஒரே நேரத்தில் எழும்பின. அந்தச் சத்தத்தை எதோடு ஒப்பிடுவது என்று தெரியவில்லை. வானம் சிவந்து போயிற்று. பெட்டை எனக்குக் கீழே ஒருமுறை குறுகி, பிறகு பாய்ந்தது.

நான் இறுக்கினேன். ஐந்து நாள் கற்றதெல்லாம் போய்விட்டது. தொடையால் இறுக்கி, பிடரி மயிரைக் கொத்தாகப் பிடித்துக் குப்புறக் கவிழ்ந்தேன். அது இன்னும் வேகமாக ஓடியது. தண்ணீர் இரண்டு பக்கமும் சுவர் மாதிரி எழும்பி முகத்தில் அடித்தது. முன்னால் தண்ணீர் கறுக்க ஆரம்பித்தது தெரிந்தது.

விடு, என்று எனக்கு நானே சத்தமாகச் சொன்னேன். விடு, விடு. ஒரு முழங்காலைத் தளர்த்தினேன். அடுத்ததைத் தளர்த்தினேன். இடுப்பைக் கீழே இறக்கி, வலது லகானை மட்டும் என் பக்கமாகக் கொண்டுவந்தேன். அது தலையைத் திருப்பியது. பெரிய வட்டம், சின்ன வட்டம், பிறகு நின்றது. கறுத்த தண்ணீருக்கும் எங்களுக்கும் நடுவில் ஒரு படகின் நீளம்தான் இருந்தது.

திரும்பிப் பார்த்தேன். ஏழு குதிரைகள் பெட்டையின் பின்னாலேயே ஓடிவந்து, வாயில் நுரை தள்ள, கூட்டமாக நின்றன. சாம்பல் குதிரையும் வந்து அவற்றோடு சேர்ந்துகொண்டது. அதன் சேணம் காலியாக இருந்தது.

அவர் திட்டுக்கு இந்தப் பக்கம் தண்ணீரில் கிடந்தார். கைகள் மட்டும் தெரிந்தன, பிறகு தலை, பிறகு கைகள். அங்கே தண்ணீர் மார்பளவுதான். எழுந்து நின்றால் போதும். ஆனால் கால் சேற்றில் மாட்டியிருந்தது, அவர் அதை உதறி உதறி இன்னும் உள்ளே போய்க்கொண்டிருந்தார்.

நான் இறங்கி ஓடியிருக்கலாம். இறங்கினால் பெட்டை போய்விடும், அதோடு எல்லாம் போய்விடும். அதனால் அதை அவர் இருந்த பக்கம் திருப்பினேன். சேறு என்று அதற்குத் தெரிந்தது. நான்கு அடிக்கு ஒருமுறை நின்றது. நிற்கும்போதெல்லாம் நானும் காத்திருந்தேன். அவர் தண்ணீர் குடிப்பதைப் பார்த்துக்கொண்டே காத்திருப்பது எப்படி இருக்கும் என்று சொல்ல முடியாது. அவசரப்படுத்தியிருந்தால் அது திரும்பியிருக்கும்.

கடைசி மணல் விளிம்பில் அதை நிறுத்தி, ஒரு காலை எடுத்துவிட்டு, "சாயபு! அங்கவடியைப் புடிங்க!" என்று கத்தினேன்.

அவர் பிடித்தார். இரண்டு கையாலும்.

"ஒதறாதீங்க! காலை ஆட்டாம வுடுங்க, தண்ணி எறங்கட்டும்! நான் இழுக்கிறேன்!"

பெட்டையை ஒவ்வொரு அடியாகப் பின்னுக்கு நகர்த்தினேன். சேணம் ஒரு பக்கமாகச் சரிய, நான் மறுபக்கம் சாய்ந்துகொண்டேன். அவருடைய கால் மெல்ல மெல்ல வந்தது. மணலுக்கு வந்ததும் அவர் நான்கு காலில் நின்று வாந்தி எடுத்தார். பிறகு எழுந்து, முதல் வேலையாகக் குதிரைகளை எண்ணினார்.

"கறுப்பு எங்க?"

பத்தில் இளையது அது. மூன்று வயதுக் கறுப்பு ஆண்குதிரை, பின்கால் ஒன்றில் வெள்ளை. கறுத்து மினுங்கிய தண்ணீரின் நடுவில் நின்றது. அதன் முதுகும் கழுத்தும் மட்டும் வெளியே தெரிந்தன.

நான் பெட்டையின் லகானை அவர் கையில் கொடுத்தேன்.

"வாணாம் தங்கச்சி," என்றார். என்னை அவர் அப்படிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. "தண்ணி ஏறுது. போயிடலாம்."

நான் போனேன். குப்புறப் படுத்துச் சேற்றின்மேல் நீந்துகிற மாதிரி போனேன். அது என்னைப் பார்த்ததும் முனகியது. முன்கால் ஓரமாகக் கையை விட்டுத் தோண்டினேன். அன்றைக்கு ஐந்து பெண்கள், அசையாத தண்ணீர், எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் இருந்தது. இப்போது நான் தனியாள். தோண்டின பள்ளத்தை அலை வந்து வந்து மூடியது. ஒரு காலை எடுத்துவிட்டேன். அடுத்த காலுக்குப் போவதற்குள் முதல் கால் மறுபடி உள்ளே போயிற்று. தண்ணீர் அதன் கழுத்துக்கு வந்துவிட்டது. எனக்கு வாயில் ஏறியது.

மணல் பக்கமிருந்து அவர் கத்தினார். "மத்ததெல்லாம் திரும்பப் பாக்குது! என்னால நிறுத்த முடியல!"

நான் அதன் தலைக்கயிற்றை அவிழ்த்துவிட்டேன். அதனால் அதற்கு எந்தப் பிரயோசனமும் இல்லை என்று எனக்குத் தெரியும். வேறு எதுவும் செய்ய இல்லாமல் செய்தேன். பிறகு திரும்பி வந்துவிட்டேன். பெட்டைமேல் ஏறிய பிறகு நான் பின்னால் பார்க்கவில்லை. ஆனால் கேட்டது.

ஒரு ஓடையில் குதிரைகள் கொஞ்ச தூரம் நீந்த வேண்டியிருந்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு சாம்பல் குதிரையின் கழுத்தைக் கட்டிக்கொண்டு வந்தார். உச்சி வெயிலில் சுண்ணாம்புக்குளத்துக்குக் கிழக்கே கரையேறினோம். கால்கள் நடுங்க, உப்பு பூத்த உடம்போடு ஒன்பது குதிரைகள்.

அங்கிருந்து ஆரம்பாக்கம் வரை கெட்டி மண்ணில் பாதை. பெட்டைக்குக் காலின் கீழே தரை கிடைத்த சந்தோஷம். நான் கேட்காமலே அது நடையைக் கூட்டியது, பிறகு நீளமாகத் தாவ ஆரம்பித்தது. நான் இறுக்கவில்லை. பனைமரங்கள் பின்னால் போயின. உடம்பு தானாக அதோடு சேர்ந்து எழுந்து இறங்கியது. என் ஆயுசில் அந்த மாதிரி ஒரு வேகத்தை நான் அறிந்ததில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது. கறுப்புக் குதிரை தண்ணீருக்குள் இருக்கும்போது நான் சிரிக்கிறேனே என்று உடனே வெட்கமாகவும் இருந்தது. ஆனாலும் நான் அதை நிறுத்தச் சொல்லவில்லை. நான் சொல்லச் சொல்ல இதை எழுதிக்கொண்டிருக்கிற என் மருமகன் இந்த இடத்தில் நிமிர்ந்து பார்க்கிறார். உண்மையைத்தான் சொல்கிறேன், எழுதுங்கள் என்றேன்.

ஆரம்பாக்கத்தில் வியாபாரியின் தம்பி காத்திருந்தார். ஒன்பதுதான் இருக்கிறது என்றார்.

"பறவை கெளம்புச்சி," என்றார் குதிரைக்காரர். "நான்தான் பின்னால பாத்துக்கணும். கைய மீறிப் போச்சி. தப்பு என்னுது."

நான் பக்கத்திலேயே நின்றேன். வாயைத் திறக்கவில்லை.

மறுநாள் படகில் பழவேற்காடு திரும்பினேன். என் புருஷன் கரைக்கு வந்து படகை இழுத்துக் கட்டினான். நான் இறங்குவதற்குக் கை கொடுத்தான். தொடைப் புண்ணால் என்னால் நேராக நடக்க முடியவில்லை. அவன் அதைப் பார்த்தான்.

"விழுந்தியா?"

"இல்ல."

"பின்ன ஏன் மூஞ்சி அப்பிடிக் கீது?"

அவனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். திட்டுப் பக்கம் நான் திருப்பியதையும், சாயபு பழியைத் தன்மேல் போட்டுக்கொண்டதையும். "காத்து மாறினா யார் வேணா தப்பா முடிவெடுப்பாங்க. ஆனா சொல்லாம இருந்தியே, அது இன்னாத்துக்கு?" என்றான்.

இரண்டு நாள் ஏரிக்குப் போகாமல் வீட்டிலேயே கிடந்தேன். மூன்றாம் நாள் வியாபாரியிடம் போனேன். கை கட்டிக்கொண்டு நின்று, சுற்றிக்கொண்டு போக வழி இருந்தது, நேர் வழியில் திருப்பினது நான்தான் என்றேன். கட்டாமல் ஓட்டச் சொன்னதும் நான்தான் என்றேன்.

அவர் கணக்கு ஓலையைக் கீழே வைத்தார். "சுத்திப் போயிருந்தா?"

"தண்ணி ஏறியிருக்கும் மொதலாளி. இன்னும் அதிகமா போயிருக்கும்னும் சொல்ல முடியாது. ஒண்ணுமே போயிருக்காதுன்னும் சொல்ல முடியாது."

"கட்டி ஓட்டியிருந்தா?"

"கறுப்போட பாதி போயிருக்கும்."

"இதை என்கிட்ட சொன்னது சரி. லாயத்துல போய் அவன்கிட்டயும் சொல்லு," என்றார்.

குதிரைக்காரர் லாயத்துக் குதிரை ஒன்றுக்குக் கொள்ளு வைத்துக்கொண்டிருந்தார். நான் சொல்லி முடிக்கும்வரை அவர் என் பக்கம் திரும்பவில்லை.

"நீ திருப்பறப்பவே பாத்தேன்," என்றார். "பறவை எழும்பினா குதிரை மெரளும்னு உனக்குத் தெரியாது. நீ குதிரைமேல ஏறி ஆறு நாள். எனக்குத் தெரியும். வாணாம்னு கூப்பிட்டிருக்கணும். கூப்பிடல."

"ஏன்?"

கையிலிருந்த கொள்ளைத் தொட்டியில் போட்டுவிட்டுக் கையைத் துடைத்தார். "சீக்கிரம் கரையேறினாப் போதும்னு இருந்துச்சி. சுத்து வழின்னா இன்னும் அத்தினி நேரம் தண்ணியில இருக்கணும். அந்தப் பயத்துல வாயத் தெறக்கல. அதனாலதான் தப்பு என்னுதுன்னு சொன்னேன். உனக்காகச் சொன்னேன்னு நெனச்சியா?"

நான் அப்படித்தான் நினைத்திருந்தேன். இருவரும் லாயத்து வாசலில் உட்கார்ந்துவிட்டோம். அன்றைக்குத் திட்டு முனையில் நான் திரும்பிப் பார்த்தது அவரிடம் கேட்கத்தான். அவர் நின்றது சொல்லத்தான். காற்றுக்கு நானும் தண்ணீருக்கு அவரும் பயந்துகொண்டு, இருவரும் அதைச் செய்யவில்லை. ஒரு வார்த்தையில் தீர்ந்திருக்க வேண்டியது ஒரு உயிரில் போய் முடிந்தது.

"இனிமே நீங்க கத்தணும்," என்றேன். "நான் ஏரிக்காரின்னு பாக்காம."

"நீயும் கேக்கணும்," என்றார்.

பத்து நாளில் இன்னொரு கப்பல் வந்தது. பாளையக்காரர்களின் சண்டை தீரவில்லை. இந்த முறை நானும் மற்ற நான்கு பெண்களும் புறப்படுவதற்கு நான்கு நாள் முன்பே போய், சேற்று விளிம்பு நெடுகிலும் மூங்கில் கழிகளை நட்டுத் துணி கட்டினோம். குதிரைகள் புறப்படும் அன்று விடிவதற்கு முன்பே அந்த நான்கு பெண்களும் படகில் போய்ப் பானையைத் தட்டிப் பறவைகளைக் கிளப்பிவிட்டுவிடுவது என்றும் பேசிக்கொண்டோம். சாயபு அந்த நான்கு நாளும் மாலையில் என் புருஷனோடு ஏரியில் இறங்கினார். முதல் நாள் முழங்கால், அடுத்த நாள் இடுப்பு. நீந்தக் கற்றுக்கொள்ளவில்லை. நிற்கக் கற்றுக்கொண்டார்.

செம்பழுப்புப் பெட்டையை ஆரம்பாக்கத்தில் விற்றுவிட்டார்கள். புதிதாக வந்தவற்றில் தலைவி ஒரு வெள்ளைக் குதிரை, மூன்று குழந்தைகளுக்குத் தாயான பெண்ணைப் போல யாரையும் மதிக்காது. முதல் நாளே என்னைக் கீழே தள்ளிவிட்டு, தள்ளிப்போய் நின்று, நான் எழுந்திருக்கிறேனா என்று பார்த்தது. மதில்மேல் சிப்பாய்கள் சிரித்தார்கள். நான் மண்ணைத் தட்டிவிட்டு எழுந்து, இடது காலை மறுபடி அங்கவடியில் வைத்தேன்.